உள் உறை

காலை எட்டு மணிக்குத் தபால் ஓட்டு.
அதைத்தான் முதலில் பிரிக்க வேண்டும், சட்டம்.
காரைக்குடிக் கல்லூரி ஒன்றின் பட்டறைக் கூடம்.
லேத் மெஷின்களை ஓரம் தள்ளிக் கம்பிவலை அடித்திருந்தார்கள்.
வலைக்கு அப்பால் ஏஜெண்டுகள்,
இப்பால் நாங்கள்.
கைப்பேசியை வாசலிலேயே வாங்கிக்கொண்டதில்
கையை எங்கே வைப்பது என்று தெரியவில்லை.

என் மேசைக்கு ஐந்நூறு உறை.
வெளி உறையைக் கிழி. உறுதிமொழித் தாளை எடு.
கையெழுத்து, சான்றொப்பம், வரிசை எண்.
ஒன்று குறைந்தாலும் உள் உறையைத் தொடாதே,
அப்படியே செல்லாதது.
பயிற்சி வகுப்பில் நாற்பது பேருக்கு
இதைச் சொல்லிக்கொடுத்தவள் நான்.

இருநூற்றுப் பன்னிரண்டோ பதின்மூன்றோ,
கொம்பு விலகித் தனியே நிற்கும் ஒரு ‘மெ’.
என்னைத் தவிர யாரும் அப்படி எழுதுவதில்லை.
சி. மெய்யம்மை, வணிகவியல் ஆசிரியை.
கையெழுத்து இருந்தது.
சான்றொப்பக் கட்டம்
மே மாதத்துப் புதுவயல் கண்மாய்.

அன்றைக்குக் கையெழுத்துப் போட வேண்டியவர்
டீக்குப் போயிருந்தார்.
தேவகோட்டை பஸ் ஐந்து பத்துக்கு.
பெட்டியில் போட்டுவிட்டு ஓடினேன்.
உள்ளே யாருக்கு என்று எனக்குத் தெரியும்,
வீட்டுக்காரருக்குத் தெரியாது.
அவர் டாக்டரம்மா ஆள்.

“செல்லாது” என்றேன்.
பக்கத்தில் இருந்தவர் முத்திரையை அமுக்கினார்.
மை காயவில்லை, அடுத்த உறை வந்துவிட்டது.

பத்தாம் சுற்றில் வக்கீல் நாலாயிரம் முன்னால்.
வெளியே வெடி.
பதினாலில் டாக்டரம்மா.
மறுபடி வெடி, வேறு திசையில்.
இரண்டும் கல்லுக்கட்டியில் ஒரே கடையில் வாங்கியதாக இருக்கும்.

கானாடுகாத்தான் எந்திரம் ஒன்று கண் திறக்கவில்லை.
சீட்டுகளைக் கொட்டி ஒவ்வொன்றாக அடுக்கினோம்.
முன்னொரு தேர்தலில் அந்த வாக்குச்சாவடியில் இருந்திருக்கிறேன்:
ஒரே கதவெண்ணில் பதினேழு வாக்காளர்,
வராதவர், போனவர், செத்தவர் என்று
பென்சில் குறி போட்ட பட்டியல்.
வந்தது காவல்காரர் மட்டும்.
விரலில் மை வைக்கும்போது
“பெரிய வீட்டு ஓட்டும்மா, பாத்து வைங்க” என்றார்.

இரவு பன்னிரண்டே முக்கால்.
டாக்டரம்மா நூற்று நாற்பத்தொன்று முன்னால்.
செல்லாத தபால் ஓட்டு முந்நூற்று ஆறு.
வித்தியாசத்தைவிடச் செல்லாதவை அதிகமானால்
செல்லாதவற்றை இன்னொரு தரம் பார்க்க வேண்டும்.
அதுவும் சட்டம்.

மெய்யம்மை திரும்பவும் மேசைக்கு வந்தாள்,
நெற்றியில் சிவப்பு முத்திரையோடு.

வக்கீலின் ஏஜெண்ட் ரபியுதீன்
வலைக்குள் விரலை நுழைத்தார்.
காலையிலிருந்து அவர் எதுவும் சாப்பிட்டதாகத் தெரியவில்லை.
“கையெழுத்துதான் இருக்குல்ல டீச்சர்?”
“சான்றொப்பம் இல்லை.”
“உங்க கையெழுத்துன்னே வச்சுக்கங்க,
அப்பவும் இதையேதான் சொல்வீங்களா?”

மின்விசிறி தாளைத் தூக்கப் பார்த்தது.
உள்ளங்கையால் அழுத்திக்கொண்டேன்.
“ஆமா” என்றேன்.

ஏழு உறைகள் பிழைத்தன.
ஐந்து வக்கீலுக்கு, இரண்டு டாக்டரம்மாவுக்கு.
நூற்று முப்பத்தெட்டு என்று அறிவித்தார்கள்.
மீதியை டிரங்குப் பெட்டியில் போட்டு அரக்கு உருக்கினார்கள்,
அந்த வாசனை விடிகிறவரை சேலையில் இருந்தது.
ரபியுதீன் படியில் உட்கார்ந்து
செருப்பு வாரைச் சரிசெய்துகொண்டே இருந்தார்.
கைப்பேசியைத் திருப்பிக் கொடுத்தார்கள்.
வீட்டிலிருந்து பதினொரு அழைப்பு,
ஒரு குறுஞ்செய்தி: நம்ம ஓட்டு வீண் போகலை.

முதல் பஸ்.
“எவ்வளவு வித்தியாசம் டீச்சர்?” கண்டக்டர்.
“நூத்தி முப்பத்தெட்டு.”
“அடேயப்பா. நான் போடவே இல்ல,
அன்னைக்கு ராமேஸ்வரம் டூட்டி.”

நானும், என்று வாயெடுத்தேன்.
சில்லறையாக் குடுங்க என்றார்.